சுயம்புலிங்கம் மகள் வீட்டு சிங்க்

ஆகஸ்ட் 11, திங்கள்

தப்பு என்னுடையதுதான். முதலிலேயே எழுதிவிடுகிறேன். என் மனைவி கனிக்கு வயிற்றில் ஆறு மாதம் ஆனதிலிருந்து அவளை அடுப்படியில் நிற்கவிடாமல் நான்தான் சமைக்கிறேன். சோறு வடித்த கஞ்சியை ஒரு மாதமாகக் கொதிக்கக் கொதிக்க சிங்கில் ஊற்றிக்கொண்டிருந்தேன். இன்று காலை அடியில் 'டப்' என்று ஒரு சத்தம். கதவைத் திறந்து பார்த்தால், வளைந்து போகிற அந்த பிளாஸ்டிக் குழாயில் விரல் நீளத்துக்கு விரிசல். தரையெல்லாம் கஞ்சி.

கனி வந்து எட்டிப் பார்த்தாள். “கொதிக்கக் கொதிக்கவா ஊத்துனிய? எங்கப்பா மட்டும் பாத்தாவன்னா...” என்று ஆரம்பித்து அப்படியே நிறுத்திக்கொண்டாள்.

அவள் அப்பா சுயம்புலிங்கம் பேட்டையில் பிளம்பர். முப்பத்தைந்து வருடமாக திருநெல்வேலியில் பாதி வீடுகளுக்குத் தண்ணீர் அவர் கை வழியாகத்தான் போகிறது, வருகிறது. நான் பாளையங்கோட்டையில் ஒரு கிளை நூலகத்தில் நூலகர். எங்களுக்குக் கல்யாணமாகி மூன்று வருடம். நான் அவர்கள் ஆள் இல்லை. விஷயம் அவ்வளவுதான். இந்த மூன்று வருடத்தில் அவர் எங்கள் வீட்டுப் படி ஏறியதில்லை, நானும் அவர் வீட்டுப் படி ஏறியதில்லை. அத்தை பாக்கியத்தாய் மட்டும் வாரம் தவறாமல் போன் செய்வார்கள்.

இன்று சாயங்காலமும் செய்தார்கள். 31ஆம் தேதி வளைகாப்புக்கு மாமா வரச் சம்மதித்துவிட்டாராம்! எனக்குக் கை கால் ஓடவில்லை. அப்புறம்தான் மீதியைச் சொன்னார்கள்.

“வாரேன், பிள்ளையப் பிரசவத்துக்குக் கூட்டிட்டும் வாரேன், ஆனா அங்கன கை நனைக்க மாட்டேன்னு சொல்லுதாவ மாப்ளே. பச்சத் தண்ணிகூடக் கேக்காதன்னுட்டாவ.”

கனி போனை வாங்கினாள். “அப்பாட்ட சொல்லிருங்கம்மா. எங்க வீட்ல ஒரு வாய் சாப்பிடாதவ்வொ வீட்டுக்கு நான் பிள்ளை பெறப் போகமாட்டேன். இங்கனயே ஆஸ்பத்திரி இருக்கு, இவ்வொ இருக்காவ. நாங்க பாத்துக்கிடுதோம்.”

'இவ்வொ இருக்காவ' என்றதும் எனக்கு நெஞ்சு இரண்டு அங்குலம் நிமிர்ந்தது. குனிந்து பார்த்தால் காலடியில் கஞ்சி.

ஆகஸ்ட் 12, செவ்வாய்

விரிசலுக்கு அடியில் ஒரு சட்டி வைத்திருக்கிறேன். மூன்று முறை காலி செய்தேன். நாற்றம் தாங்கவில்லை.

ஆகஸ்ட் 13, புதன்

பிளம்பரைக் கூப்பிடலாம் என்றேன். கனி துள்ளிவிட்டாள்.

“யாரக் கூப்பிடுவிய? பாளையங்கோட்டைல இருக்கவன்ல பாதிப்பேரு எங்கப்பாட்ட வேலை செஞ்சவன், மீதிப்பேரு எங்கப்பாவுக்கு ஆகாதவன். 'சுயம்புலிங்கம் மக வீட்டு சிங்க் ஒழுகுது'ன்னு பேட்டை முழுக்கத் தமுக்கடிச்சிருவானுவ.”

“அப்போ?”

“நீங்களே மாத்துங்க.”

என் வாழ்க்கையில் நான் கடைசியாகப் பிடித்த ஆயுதம் ஸ்டாப்ளர். ஆனாலும் புத்தகங்களுக்கு நடுவில் உட்கார்ந்திருக்கிறவன் எதற்கும் பயப்படக்கூடாது. வீட்டுப் பழுதுகளை நாமே சரிசெய்வது பற்றி எங்கள் நூலகத்தில் ஒரு பழைய புத்தகம் உண்டு. தேடி எடுத்தேன். மின்விசிறி இருக்கிறது, தாழ்ப்பாள் இருக்கிறது. சிங்க் இருக்க வேண்டிய நான்கு பக்கத்தை எந்தப் புண்ணியவானோ கிழித்துக்கொண்டு போயிருக்கிறான். அவன் வீட்டு சிங்காவது நன்றாக இருக்கட்டும்.

ஆகஸ்ட் 15, வெள்ளி

விடுமுறை. கொடியேற்றி மிட்டாய் வாங்கிக்கொண்டு வந்து வேலையை ஆரம்பித்தேன்.

நட்டு மூன்று. கையாலேயே கழன்றன. வளைந்த குழாய் முழுசாகக் கையோடு வந்துவிட்டது. அதற்குள் என்னவெல்லாம் இருந்தது என்று எழுதினால் இந்த டைரி நாறும். கடுகு, கறிவேப்பிலை, ஒரு ஊக்கு, நான் போன வருடம் தொலைத்த ஊறுகாய் கரண்டி. அடி வளைவில் ஒரு டம்ளர் கறுப்புத் தண்ணீர். அதைக் கொட்ட வேண்டுமே என்று, பழக்க தோஷத்தில், எழுந்து சிங்கில் கொட்டினேன்.

கீழேதான் குழாய் இல்லையே. கொட்டிய அத்தனையும் நேராக என் கால் மேல் வந்து விழுந்தது.

கனி சிரித்தாள் பாருங்கள். நாற்காலியைப் பிடித்துக்கொண்டு, வயிற்றைப் பிடித்துக்கொண்டு, “யம்மா, யம்மா” என்று பத்து நிமிடம். நடுவில் “இந்தா, பிள்ளையும் சிரிக்குது” என்று என் கையை எடுத்து வயிற்றில் வைத்தாள். உள்ளே உண்மையிலேயே இரண்டு உதை. சாக்கடைத் தண்ணீரில் நின்றுகொண்டு இவ்வளவு சந்தோஷமாக ஒரு மனிதன் இருக்க முடியும் என்று எனக்கு இதுவரை தெரியாது.

ஆகஸ்ட் 16, சனி

குழாய்ச் சாமான் விற்கிற மீரான் பாய் கடைக்கு இரண்டு தடவை போனேன். முதல் தடவை, “ஒன்னேகால் இஞ்சா, ஒன்றரையா?” என்றார். நான் விரலை வளைத்து இவ்வளவு என்று காட்டினேன். அவர் என் விரலைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். “தம்பி, பழசக் கழட்டிக் கொண்டாங்க” என்றார். கழற்றியதை நாளிதழில் சுற்றி இரண்டாம் தடவை எடுத்துக்கொண்டு போனேன். பஸ்ஸில் என் பக்கத்து இருக்கை காலியாகவே வந்தது.

அந்தக் குழாய்க்குக் கடையில் பெயர் டிராப். அந்த வளைவில் எப்போதும் கொஞ்சம் தண்ணீர் நிற்குமாம். நின்றால்தான் சாக்கடை வாடை மேலே வராதாம். இத்தனை நாள் அதை வீண் வளைவு என்று நினைத்திருந்தேன்.

“எந்த வீட்டுக்கு?” என்றார் பாய்.

“லைப்ரரிக்கு” என்று கூசாமல் பொய் சொன்னேன்.

“அப்போ பேட்டை சுயம்பு அண்ணாச்சியக் கூப்பிடுங்க தம்பி. அவ்வொ கை வச்சா அது அப்படியே கெடக்கும். ஒன்னே ஒன்னு, வேலை முடிஞ்சதும் ஒரு டீ குடுத்திரணும்.”

“டீயா?”

“ஆமா. மாட்டி முடிச்சு, அதே சிங்க்ல சோப்புப் போட்டுக் கையக் கழுவி, அந்த வீட்டு அடுப்புல போட்ட டீயக் குடிச்சாத்தான் கெளம்புவாவ. வாலிபத்துல ஒரு வீட்ல டீ குடிக்காம எறங்கிட்டாவளாம். மறுநாளே ஜாயின்ட் பிச்சுக்கிட்டு வீடெல்லாம் தண்ணி. அன்னைலருந்து இதான் சட்டம். எந்தத் தெரு, யாரு வீடு, எவர்சில்வர் டம்ளரா கண்ணாடி டம்ளரா, ஒன்னும் பாக்கமாட்டாவ. மேலப்பாளையத்துல எங்க வீட்லயே பத்து டீ குடிச்சிருப்பாவ.”

சிரித்துவிட்டு வெளியே வந்தேன். பஸ் ஸ்டாப்பில் நிற்கும்போதுதான் வலித்தது. ஊரில் எல்லார் வீட்டு டம்ளரும் ஆகும் என்றால், என் வீட்டு டம்ளர் மட்டும் என்ன பாவம் செய்தது?

வீட்டுக்கு வந்து கனியிடம் சொன்னேன். பூண்டு உரித்துக்கொண்டிருந்தாள். “தெரியும்” என்றாள். கொஞ்ச நேரம் கழித்து, “நீங்க மாட்டுனா ஒழுகாதுல்லா?” என்றாள். ஒழுகவே ஒழுகாது, சத்தியம் என்றேன். “ம்” என்று இன்னொரு பூண்டை எடுத்தாள். என் மேல் நம்பிக்கை இல்லை போல.

ஆகஸ்ட் 17, ஞாயிறு

மாட்டினேன். ஒழுகுகிறது.

ஆகஸ்ட் 18, திங்கள்

மறுபடி கழற்றி மாட்டினேன். இந்த முறை ஸ்பானர் வைத்து மூச்சைப் பிடித்துத் திருகினேன். முன்பைவிட அதிகமாக ஒழுகுகிறது.

கனி கூடத்தில் ஏதோ வாரப் பத்திரிகை படித்துக்கொண்டிருந்தாள். பக்கத்தைப் புரட்டாமலே, “வாசரு தலகீழாக் கெடக்கோ என்னமோ” என்றாள். கழற்றிப் பார்த்தேன். கறுப்பு ரப்பர் வளையம், ஒரு பக்கம் சரிவு, ஒரு பக்கம் தட்டை. தலைகீழாகத்தான் இருந்தது.

“உனக்கு எப்படித் தெரியும்?”

“சும்மா ஒரு பேச்சுக்குச் சொன்னேன்.”

நானும் அப்படித்தான் சில சமயம் குருட்டாம்போக்கில் சரியாகச் சொல்லிவிடுவேன்.

ஆகஸ்ட் 19, செவ்வாய்

வாஷர் மறுபடி தலைகீழாகிவிடக்கூடாது என்று, நூலகத்தில் புத்தகத்துக்கு எண் எழுதுகிற வெள்ளைப் பெயின்டால் அதன் தட்டைப் பக்கத்தில் 'மே' என்று எழுதினேன். மே என்றால் மேல். எழுத்து அழகாக வந்திருக்கிறது. கூடவே மரைக்கெல்லாம் வெள்ளை டேப் சுற்றினேன், சுருக்கம் விழாமல், புத்தகத்துக்கு அட்டை போடுகிற மாதிரி. நட்டைக் கையால் மட்டும் திருகினேன்.

அடியில் ஒரு நாளிதழ் விரித்திருக்கிறேன். ஒரு சொட்டு விழுந்தாலும் காட்டிக்கொடுத்துவிடும்.

ஆகஸ்ட் 20, புதன்

காலையில் எழுந்ததும் பல்கூடத் தேய்க்காமல் போய்ப் பார்த்தேன். நாளிதழ் அப்பளம் மாதிரி காய்ந்து கிடக்கிறது. ஒரு சொட்டு இல்லை! ஒரு குண்டான் தண்ணீரைச் சாய்த்தேன். ஒரு பக்கெட் சாய்த்தேன். 'கொளக்' என்று சத்தம் போட்டுக்கொண்டு போகிறதே தவிர, கசிவு இல்லை. நாற்றமும் இல்லை.

பால்காரர் வந்தார். உள்ளே கூப்பிட்டுக் காண்பித்தேன். “நல்லாருக்கு சார்” என்றார். நாளைக்கு வாசகர் யாராவது நூலகத்தில் சிங்க் புத்தகம் கேட்டால், அந்த நான்கு பக்கத்தை நானே எழுதிக் கொடுப்பேன்.

ஆகஸ்ட் 24, ஞாயிறு

அத்தை போன். மாமா பிடிவாதமாகத்தான் இருக்கிறாராம். குடிக்கத் தண்ணீர் பேட்டையிலிருந்தே பாட்டிலில் கொண்டுவருகிறாராம்.

“அவ்வொ மனசு கல்லு இல்ல மாப்ளே” என்றார்கள் அத்தை. “ஞாயித்துக்கெழம ஞாயித்துக்கெழம நான் பேசி முடிச்சதும், 'ஒன் மவளுக்குக் கால் வீக்கம் எறங்கிச்சா'ன்னு அந்தப் பக்கம் பாத்துக்கிட்டே கேப்பாவ. ஆனா வாயால சொன்னது சொன்னதுன்னு நிக்காவ.”

இன்று கனியிடம் நான் சொல்லிவிட்டேன். “நீ போ. சாப்பிடாவிட்டால் போகட்டும். அம்மா பக்கத்தில் இருந்தால் உனக்கு நல்லது. என்னால் உனக்கு அந்தச் சுகம் இல்லாமல் போக வேண்டாம்.” உண்மையைச் சொன்னால், எனக்குக் கோபமும் இருக்கிறது. அந்த மனுஷர் என் கையால் ஒரு வாய் சாப்பிட்டால் என்ன குறைந்துவிடும்? ஆனால் என் கோபத்துக்காக அவள் தனியாகக் கிடந்து பிள்ளை பெற வேண்டுமா?

கனி என் தலையில் ஒரு கொட்டு கொட்டினாள். “சாப்பிடுவாவ” என்றாள்.

“எப்படி?”

“எங்கப்பாவ எனக்குத் தெரியாதா?”

ஆகஸ்ட் 27, புதன்

பிள்ளையார் சதுர்த்தி. கொழுக்கட்டை நான் பிடித்தது. பிள்ளையார் பெரிய மனது பண்ணி ஏற்றுக்கொண்டார்.

மத்தியானம் தூங்கி எழுந்து வந்தால், கனி சிங்கின் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு முன்னால் பலகையில் உட்கார்ந்து உள்ளேயே பார்த்துக்கொண்டிருக்கிறாள். “என்ன?” என்றேன். “டாக்டர் உக்காந்து எந்திரிக்கச் சொன்னாவல்லா” என்றாள். அப்புறம் என் கன்னத்தைக் கிள்ளி, “எம்புட்டு அழகா டேப் சுத்தியிருக்கிய” என்றாள். என் வேலையை இவ்வளவு நேரம் உட்கார்ந்து ரசித்தவர்கள் யாருமில்லை.

ஆகஸ்ட் 30, சனி

தென்காசியிலிருந்து என் அக்கா சுசீலா வந்துவிட்டாள். ஏழு வகைச் சாதமும் அவள் பொறுப்பு. நான் வாழையிலை, வளையல், பூ எல்லாம் வாங்கிக்கொண்டு மூன்று மணிக்குத் திரும்பினேன். அக்கா மாடியில் வடகம் எடுக்கப் போயிருந்தாள். கனி அடுப்படித் தரையில் கால் நீட்டி உட்கார்ந்து மூச்சு வாங்கிக்கொண்டிருந்தாள். கையெல்லாம் ஈரம்.

“என்னாச்சு?” என்று பதறினேன்.

“இட்லித் தட்டு தேடுனேன்.”

இட்லித் தட்டு மேலே அலமாரியில், கண்ணுக்கு எதிரே இருக்கிறது. மாதம் ஏற ஏற மறதி வரும் என்று டாக்டர் சொன்னது சரிதான்.

அதற்கப்புறம் அவள் ஒரு சட்டம் போட்டாள். நாளைக்கு எல்லாரும் வருகிறவரை சிங்கில் யாரும் ஒரு சொட்டுத் தண்ணீர் விடக்கூடாது, பாத்திரமெல்லாம் பின்பக்கக் குழாயில்தான். “இவ்வொ இம்புட்டுக் கஷ்டப்பட்டு மாட்டிருக்காவ. நாளைக்கு நாலு பேரு பாக்கும்போது பளபளன்னு இருக்கட்டும்” என்றாள். அக்கா என்னைப் பார்த்து, “கொடுத்து வச்சவம்ல நீ” என்றாள்.

கொடுத்து வைத்தவன்தான்.

ஆகஸ்ட் 31, ஞாயிறு

எங்கிருந்து ஆரம்பிப்பது? பேனா பிடிக்கிற கையில் இன்னும் சந்தன வாசம்.

ஒன்பதரைக்கு வருவதாகச் சொன்னவர்கள். ஒன்பது மணிக்கே அக்கா ஜன்னல் வழியாகப் பார்த்துவிட்டு, “தெருமுனையில வெள்ளச் சட்ட போட்ட ஒருத்தர் ஸ்கூட்டர நிப்பாட்டிட்டு அரை மணி நேரமா நிக்காரு, அத்தையும் கூட நிக்காவ” என்றாள். நான் போய்க் கூப்பிடலாமா கூடாதா என்று செருப்பை மாட்டுவதும் கழற்றுவதுமாக இருந்தேன். சரியாக ஒன்பதரைக்குப் படியேறினார்கள்.

மாமாவை நான் இவ்வளவு பக்கத்தில் பார்த்ததே இல்லை. குட்டையான, இறுகிய உடம்பு. கையில் எவர்சில்வர் தண்ணீர் பாட்டில். கும்பிட்டேன். தலையை லேசாக அசைத்தார். வாசல் பக்கத்து நாற்காலியில் நுனியில் உட்கார்ந்தார், பஸ் வந்தால் எழுந்துவிடுகிறவர் மாதிரி.

கனி பச்சைப் பட்டில் வந்து உட்கார்ந்தாள். அத்தை சந்தனம் பூசி முதல் வளையலைப் போட்டார்கள். மாமா கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஆனால் கண்ணாடி வளையல் குலுங்குகிற ஒவ்வொரு முறையும் அவர் கண் கீழே இறங்கி, மகளைப் பார்த்துவிட்டு, மறுபடி கூரைக்குப் போயிற்று.

பத்தரைக்கு இலை போடலாம் என்றாள் அக்கா. அத்தை மாமாவைப் பார்த்தார்கள். மாமா பாட்டிலைத் திறந்து இரண்டு மடக்குக் குடித்து மூடினார். “நீங்க சாப்பிடுங்க. நான் கீழ வண்டிகிட்ட நிக்கேன்” என்று எழுந்தார். கனி முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியமில்லை.

கனி எதுவும் நடக்காதது போல, “மைனி, அந்த அரிசி களைஞ்ச தண்ணி குண்டான சிங்க்ல சாச்சிருங்க” என்றாள்.

அக்கா சாய்த்தாள்.

அடுப்படியிலிருந்து 'சளசள' என்று ஒரு சத்தம். அக்கா “ஐயோ” என்றாள். நான் ஓடினேன். அடியிலிருந்து தண்ணீர் கொட்டுகிறது! பதினோரு நாள் ஒரு சொட்டு விழாத இடத்திலிருந்து! என் வேலை, என் டேப், என் மானம், எல்லாம் வெள்ளையாக அடுப்படி வாசலைத் தாண்டிக் கூடத்துக்கு வந்துகொண்டிருந்தது.

மாமா வாசற்படியில் ஒரு காலை வைத்தவர் நின்றார். திரும்பவில்லை. காதை மட்டும் கொடுத்துக் கேட்டார். அந்த நேரத்தில் அவர் முதுகு பட்ட பாட்டை என்னால் எழுத முடியாது. பாட்டிலை நாற்காலியில் வைத்தார்.

“இத எவம்ல மாட்டுனது?”

“நான்தான் மாமா” என்றேன். அவரிடம் நான் பேசிய முதல் வார்த்தை.

வேட்டியை மடித்துக் கட்டினார். ஈரத்திலேயே மண்டியிட்டுத் தலையை உள்ளே விட்டார். என்னென்னவோ முனகினார். “நட்டு கைல கழலுது... டேப்பு இதுக்குத் தேவையே இல்ல, இருந்தாலும் நல்லாத்தான் சுத்திருக்கு...” அப்புறம் ஒரு உறுமல். “வாசரே இல்லயேவே! வாசர் இல்லாமலா மாட்டுவாவ?”

“போட்டேன் மாமா! சத்தியமாப் போட்டேன். மேல்னு எழுதிக்கூடப் போட்டேன்.”

மாமா தலையை வெளியே எடுத்தார். என்னைப் பார்த்தார். “இம்புட்டுப் பொறுமையா டேப் சுத்துனவருக்கு வாசர் எப்படி மறக்கும்” என்று மெல்லச் சொன்னார். அப்படியே கண்ணைத் திருப்பிக் கனியைப் பார்த்தார். கனி கை நிறைய வளையலோடு நின்று கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அப்பாவும் மகளும் கூரை பார்ப்பதில் ஒரே மாதிரி.

“வண்டிப் பெட்டில தகர டப்பா இருக்கு. எடுத்துட்டு வாங்க” என்று சாவியை என்னிடம் நீட்டினார். மூன்று படியை ஒரே தாவலில் இறங்கி எடுத்து வந்தேன். புது வாஷர் ஒன்றைப் பொறுக்கி, எச்சில் தொட்டு, மாட்டி, கையால் இரண்டு திருகு. இரண்டு நிமிடம்கூட ஆகவில்லை. குழாயை முழுசாகத் திறந்துவிட்டு, காய்ந்த விரலால் ஒவ்வொரு மூட்டையும் தடவிப் பார்த்தார். விரல் காய்ந்தே இருந்தது. சோப்பை எடுத்தார். முழங்கை வரை நுரை வரக் கழுவினார். தோளில் கிடந்த துண்டில் துடைத்தார். அடுப்படி நிலையில் சாய்ந்து நின்றார்.

“சரி. ஒரு டீயக் குடுங்கம்மா, கெளம்புதேன்.”

சொல்லிவிட்டார். முப்பத்தைந்து வருடப் பழக்கம், நாக்கு அதுபாட்டுக்குச் சொல்லிவிட்டது. சொன்ன பிறகுதான் எந்த வீட்டில் நிற்கிறோம் என்று அவருக்கு உறைத்தது. அத்தை வாயைப் பொத்திக்கொண்டார்கள்.

கனி நீட்டினாள். கண்ணாடி டம்ளரில் ஆவி பறக்கிற டீ, ஏலக்காய் போட்டது. அது எப்போது கொதித்தது, எப்போது ஆற்றினாள், யாருக்கும் தெரியாது.

மாமா டம்ளரைப் பார்த்தார். சிங்கைப் பார்த்தார். மகளைப் பார்த்தார்.

“குடிக்காம எறங்குனா ஒழுகும்பா” என்றாள் கனி. குரல் கொஞ்சம் உடைந்தது. “நான் பிள்ளைய வச்சிக்கிட்டு ஈரத்துல வழுக்கி விழவா?”

அவர் வாங்கினார். நின்றபடியே, ஊதி ஊதி, கடைசிச் சொட்டு வரை குடித்தார். கண்ணோரத்தில் ஆவி பட்டதோ என்னவோ, துண்டால் துடைத்துக்கொண்டார். “சீனி கூட” என்றார்.

அவ்வளவுதான், அத்தை அழுதுகொண்டே சிரித்துக்கொண்டே இலையை உதறிப் போட்டார்கள். “டீ எறங்குன தொண்டைல சோறு எறங்காதோ? உக்காருங்க!” என்று அதட்டினார்கள். அந்த வீட்டில் அதட்டுகிறவர் யார் என்று இன்றுதான் தெரிந்தது. மாமா உட்கார்ந்தார். நான்தான் பரிமாறினேன். அவசரத்தில் புளிச்சாதம் இலைக்கு வெளியே விழுந்தது. அதையும் எடுத்து உள்ளே போட்டுக்கொண்டார். இரண்டாம் தடவை கேட்டு வாங்கினார். தேங்காய்ச் சாதமும்.

போகும்போது கனியையும் அத்தையையும் ஆட்டோவில் ஏற்றிவிட்டு, என்னிடம் வந்து, “கஞ்சிய ஆற வச்சு ஊத்துங்க, மாப்ள” என்றார்.

மாப்ள. நான் மறுபடி ஒரு தடவை எழுதிக்கொள்கிறேன். மாப்ள.

வாஷர் விஷயம் மட்டும் புரியவில்லை. நான் போட்டேன்.

செப்டம்பர் 1, திங்கள்

வீட்டில் சத்தமே இல்லை. சிங்கைத் திறந்து 'கொளக்' சத்தம் கேட்டேன். கொஞ்சம் ஆறுதல்.

செப்டம்பர் 3, புதன்

கனி போன் செய்தாள். அம்மா காலுக்கு எண்ணெய் தேய்க்கிறார்கள், அப்பா தினமும் கொய்யாவோ மாதுளையோ ஏதோ ஒன்று வாங்கி வந்து சொல்லாமல் மேஜையில் வைத்துவிட்டுப் போகிறார், தான் குண்டாகிவிட்டதாக ஒரே பாட்டு. கடைசியாக, “டீ போடுதியளா? ஏலக்காய் போட்டுக் குடிங்க. டப்பா ரெண்டாவது தட்டுல இருக்கு” என்றாள். எனக்கு ஏலக்காய் பிடிக்காது என்று அவளுக்குத் தெரியும். “சும்மா ஒரு நாளைக்குப் போட்டுத்தான் பாருங்களேன்” என்றாள்.

டப்பாவைத் திறந்தேன். ஏலக்காய்க்கு நடுவில் கறுப்பாக ஒரு ரப்பர் வளையம். எடுத்துத் திருப்பினேன். வெள்ளைப் பெயின்டில் அழகான கையெழுத்தில் 'மே'.

இது எப்படி இதற்குள் வந்திருக்கும் என்று தெரியவில்லை. வீட்டில் எலி இருக்கிறதோ என்னவோ. ஏழு மாத வயிற்றோடு பலகையில் உட்கார்ந்து நட்டைக் கழற்றத் தெரிந்த எலி.

அடுப்படித் தரையில் உட்கார்ந்து சிரித்தேன். பக்கத்து வீட்டில் என்னவென்று கேட்டார்கள். டீ நன்றாக இருக்கிறது என்றேன்.

செப்டம்பர் 6, சனி

சாயங்காலம் மறுபடி போன். கனிதான் பேசினாள், ஆனால் பின்னால் ஒரு குரல் சொல்லிக்கொடுத்துக்கொண்டே இருந்தது.

“ஏங்க, இங்க எங்க வீட்டு அடுப்படி சிங்க் ஒழுகுதாம்.”

“என்னது?”

“ஆமா. நேத்து வரைக்கும் நல்லாத்தான் இருந்துச்சு. இன்னைக்கு அப்பா அடியில என்னமோ குனிஞ்சு பாத்தாவ, அதுக்கப்புறம் ஒழுகுது.” சிரிப்பை அடக்குகிறாள். “அவ்வொளுக்கு இடுப்புப் பிடிச்சிருக்காம், குனிய முடியலயாம். நாளைக்கு மாப்ளைய வந்து மாட்டச் சொல்லுன்னு சொல்லுதாவ. காலையிலேயே வரணுமாம். வேலை முடிய மத்தியானம் ஆயிருமாம், சாப்பிட்டுட்டுப் போலாமாம்.”

பின்னால் அந்தக் குரல், “வாசர் இல்லன்னு சொல்லு” என்றது.

செப்டம்பர் 7, ஞாயிறு

ஆறரை மணி பஸ். சட்டை தேய்த்தாகிவிட்டது. அக்கா போனில் “மாமனார் வீட்டுக்கு முதல் தடவை போற, வெறுங்கையோட போகாத” என்றாள். அரைக் கிலோ அல்வா, ஒரு டஜன் பழம், ஒரு சுருள் வெள்ளை டேப்.

வாஷர் சட்டைப் பையில் இருக்கிறது. ஏலக்காய் வாசம் இன்னும் போகவில்லை. காலை டீ போடவில்லை, அங்கே போய்க் குடித்துக்கொள்கிறேன்.